வலது முன்னங்கால்

நாய்க்கு ஒரு வருத்தமும் இல்லை, வருத்தமெல்லாம் அந்த மனுசிக்குத்தான், கிழமைக்குக் கிழமை தூக்கிக்கொண்டு வந்து என்ர நேரத்தைத் தின்னுது. இதைத்தானே டொக்டர் இப்ப ரெலிபோனில உங்கட மனுசிக்குச் சொன்னீங்கள்? ஒரு சொல்லும் விடாமல் சொல்லிப்போட்டனா? பலகைக் கதவு டொக்டர். வெளியில வாங்கில இருக்கிற எல்லாருக்கும் கேட்டது. சவுந்தரநாயகம் மாஸ்ரர் எனக்காக வெக்கப்பட்டு இருமினார், பாவம்.

மன்னிப்பெல்லாம் வேண்டாம். இருங்கோ. நீங்கள் இருந்தால்தான் சூட்டியும் இருப்பாள். எழும்பினால் ஊசி எண்டு நினைச்சுக்கொண்டு மேசைக்குக் கீழ போயிடுவாள். நீங்கள் சொல்லித் தந்ததுதானே.

கதவுக்கு நான்தான் கொளுக்கி போட்டனான். இவள் வெளியில பாய்ஞ்சால் அங்கம்மாவின்ர கோழிக்குத்தான் ஆபத்து. ஓம், அங்கம்மா கோழி கொண்டு வந்திருக்கிறாள். றெயில் பாதையோட கடைசி வீடு, தெரியும்தானே. கோழிக்கு என்ன வருத்தமோ எனக்குத் தெரியாது. பாக்க நல்ல கொழுத்ததாத்தான் கிடக்கு. மாஸ்ரரின்ர கிளியும் நல்லாக் கத்திக்கொண்டுதான் இருக்கு. சனிக்கிழமை விடியவே என்ன இவ்வளவு கூட்டம் எண்டு நீங்களும் யோசிக்கிறீங்கள். யோசியுங்கோ.

அதுவா? அது அரிசிச் சாக்கு. நான்தான் கொண்டு வந்தனான். பேந்து சொல்லுறன்.

முதல் இவளைப் பாருங்கோ. எல்லாம் போன கிழமை மாதிரித்தான். சோறு வைச்சால் மணந்திட்டுத் திரும்பிப் போறாள். என்ர மகன் பெனிலின்ர செருப்புக்கு மேல நாடியை வைச்சுக்கொண்டு கேற்றைப் பாத்தபடி கிடக்கிறாள். நாள் முழுக்க இந்த வலது முன்னங்காலை நக்குறாள். பாருங்கோ, மயிர் போய்த் தோல் சிவந்து கிடக்கு. நீங்கள் கண்ணாடி வைச்சுப் பாத்தீங்கள், விரலுக்கு விரல் அமத்திப் பாத்தீங்கள். புண் இல்லை, முள் இல்லை, உண்ணி இல்லை. வருத்தம் காலில இல்லை மிஸிஸ் ஐறீன், இவள் ஆரையோ தேடுறாள், தேடுற ஆள் வந்தால் கால் தானா மாறும், மருந்து எழுதி வேலையில்லை எண்டீங்கள். எவ்வளவு சரியாச் சொன்னீங்கள். என்ர பிள்ளையை ஆமி அந்தச் சுத்திவளைப்பில கொண்டுபோய் இண்டையோட ஏழு கிழமை. போகாத இடமில்லை. எந்த மேசைக்கு முன்னால நிண்டாலும் ஒரே மறுமொழி. அப்பிடி ஒருத்தரை நாங்கள் பிடிக்கேல்லை, நோனா கெதற யண்ட. வீட்ட போகட்டாம்.

போறன். இவளின்ர வருத்தத்தை மாத்திக்கொண்டு போறன்.

முதல் முதல் உங்களிட்ட வந்தபோது நான் உங்களை நம்பவே இல்லை, தெரியுமோ? சூட்டி என்ர மனுசன் ஹியூபேட்டைக் கடிச்ச நேரம். மனுசன் கையில துவாயைச் சுத்திக்கொண்டு, இது விசர் நாய், ஊசி போட்டு முடியுங்கோ எண்டு நிக்கிறார். நீங்கள் நாயைத் தொடவே இல்லை. கதிரையைத் தள்ளிப் போட்டிட்டு அவரை விசாரிக்கிறீங்கள். கடிக்க முதல் நாய் எங்க படுத்திருந்தது? காது முன்னால நிண்டதா, பின்னால சரிஞ்சதா? உதட்டை நக்கினதா? கொட்டாவி விட்டதா? நீங்கள் எந்தக் கையால, எந்தப் பக்கம் தொட்டீங்கள்? மாட்டு டொக்டரிட்ட வந்தமோ கோர்ட்டுக்கு வந்தமோ எண்டு எனக்குச் சிரிப்பு. அவர் செற்றியால தள்ளிவிட இடது இடுப்பில கை வைச்சதைச் சொன்னவுடன நீங்கள் அந்த இடத்தை மெல்ல அமத்தினீங்கள், இவள் ஊளையிட்டாள். கோபத்தில கடிக்கேல்லை மிஸ்டர் ஹியூபேட், நோவில கடிச்சது எண்டீங்கள். ரெண்டு கிழமைக் குளிசை மருந்தோட நாய் அவரின்ர மடியில. என்ர மனுசனும் முப்பது வருசமாக் கடிக்கிறார், எங்க நோவெண்டு ஆரும் அமத்திப் பாக்கேல்லை.

பிறகு ஸமீமாவின்ர பூனை. மெத்தையில மூத்திரம் பெய்யுது, புதுசா வந்த மருமகளைப் பழிவாங்குது எண்டு ஸமீமா ஊரெல்லாம் சொல்லித் திரிஞ்சா. நீங்கள் சொன்னீங்கள், மூத்திரக் குழாய் அடைக்கத் தொடங்கியிருக்கு, போகேக்க எரியுது, அதுதான் மெத்தெண்ட இடமாத் தேடுது, இன்னும் ரெண்டு நாள் விட்டிருந்தால் செத்திருக்கும். அதோட இன்னொண்டும் சொன்னீங்கள். மிருகத்துக்குப் பழிவாங்கத் தெரியாது, அது மனுசற்ற வேலை எண்டு.

நல்லா ஞாபகம் வைச்சிருக்கிறன் அதை.

கொப்பியும் உங்கட யோசனைதான். இந்தா, இதுதான். நாயால வாய் திறந்து சொல்ல ஏலாது, அதுக்குப் பதிலா நீங்கள் எழுதுங்கோ எண்டு நாலு கொலம் கோடு கீறித் தந்தீங்கள். எப்ப. எங்க. ஆர் பக்கத்தில. உடம்பு என்ன செய்தது. ஏன் எண்டு ஒரு கொலம் போடவா எண்டு நான் கேக்க, வேண்டாம், ஏன் எண்டது என்ர வேலை, நீங்கள் கண்டதை மட்டும் எழுதுங்கோ எண்டீங்கள். கொட்டாஞ்சேனைக் கொன்வென்ரில மதர் கொன்ஸ்ரன்ஸ் கோணல் எழுத்துக்கு அடிமட்டத்தால கணுவில போட்டு வளர்த்த கை டொக்டர். ஒரு வெட்டுக்கொத்து இருக்காது. நீங்களே ஒருநாள் வாசிச்சிட்டு, என்ர பட்ச்சில இப்பிடி எழுதினவை இல்லை எண்டு சொன்னனீங்கள். நான் அண்டைக்குச் சந்தோசத்தில ஹியூபேட்டுக்கு மாசிச் சம்பலோட இடியப்பம் அவிச்சனான்.

காலைப் பற்றிச் சொல்லவேணும். போன வருசத்துக்கு முதல் வருசம் கடற்கரையில போத்தல் ஓடு வெட்டினதே, ரெண்டாம் விரலுக்கும் மூண்டாம் விரலுக்கும் இடையில. மூண்டு கிழமை நாள் தவறாமல் மருந்து கட்டினீங்கள். வகுப்பு முடிஞ்சு வந்து, சேட்டு மாத்தாமல், பெனில்தான் இவளைத் தோளில போட்டுக்கொண்டு வாறவன். நீங்கள் பலாத்காரம் பண்ணேல்லை. அரை மாரி பிஸ்கட்டைக் காட்டிக்கொண்டு, இவளா வலது காலைத் தூக்கி உங்கட முழங்காலில வைக்குமட்டும் பாத்துக்கொண்டு இருப்பீங்கள். வைச்சவுடன உங்கட பெருவிரல் அந்த ரெண்டு விரலுக்கு நடுவால போய் ஒருக்கா அமத்தும். வீக்கம் பாக்க. மாறின பிறகும் இவள் அதை விடேல்லை. உங்களைக் கண்டால் கால் மேல வரும். உங்கட பெருவிரலும் நடுவால போகும். ரெண்டு பேருக்கும் பழகிப் போச்சு.

வேற ஆருக்கும் குடுக்க மாட்டாள். பெனில் ஒரு முழுப் பெட்டி பிஸ்கட்டை முடிச்சுப் பாத்தவன். திண்டிட்டு முகத்தைத் திருப்பினாள். அம்மா, இவள் டொக்டரைக் கலியாணம் கட்டப் போறாள் எண்டு சொல்லிச் சிரிச்சான்.

ஏன் இப்ப கையைப் பின்னால கட்டுறீங்கள்?

சரி, வாசிக்கிறன். நீங்கள் வாசிச்சால் கண்ணாடி தேடவேணும். ஏழு கிழமைக்கு முந்தின சனிக்கிழமை. எப்ப: பத்து இருபது. எங்க: ஸ்கூல் கிறவுண்ட், கடல் பக்கத்து மதில். அண்டைக்கு எங்கட லேன் முழுக்க அங்க. பொம்பிளையள் மதிலோட, ஆம்பிளைப் பிள்ளையள் வரிசையில. உள்ளுக்க விடேக்க ஒரு சின்னச் சோல்ஜர் நாயின்ர பேரைக் கேட்டவன். சூட்டி எண்டன். அட, எங்கட வீட்டு நாயும் சூட்டிதான் எண்டு சிரிச்சிட்டு இவளையும் விட்டிட்டான். இவள் பெனிலின்ர காலோட ஒட்டிக்கொண்டு வரிசையில போறாள்.

ஆர் பக்கத்தில: பெனில், ரெண்டு சோல்ஜர்மார், கதிரையில ஒரு ஆள். தலையிலயிருந்து நெஞ்சுமட்டும் சாக்கு. கண்ணுக்கு ரெண்டு ஓட்டை. சனம் தலையாட்டி எண்டு சொல்லுற ஆள்தான். முன்னால ஒவ்வொருத்தராப் போய் நிக்கவேணும். அது தலையை ஆட்டினால் ட்ரக், ஆட்டாவிட்டால் வீடு. எங்கட ஆக்களில ஒருத்தனைத்தான் பிடிச்சு அடிச்சு இருத்தியிருப்பினம் எண்டு எல்லாருக்கும் தெரியும். ஆர் எண்டுதான் தெரியாது. பெனிலுக்கு முதல் நாப்பது பேர் போச்சினம். மாஸ்ரரின்ர மருமகனுக்கு ஆடினது. அங்கம்மாவின்ர தம்பிக்கு ஆடினது, சலூனில தலை வெட்டுற பெடியன், அரசியல் எண்டால் என்னெண்டு கேக்கிற பெடியன்.

உடம்பு என்ன செய்தது. கேளுங்கோ. வால் உயர்ந்தது. நுனி மட்டும் இல்லை, இடுப்போட சேர்ந்து ஆடினது. காது பின்னால சரிஞ்சது, பயத்துச் சரிவு இல்லை, செல்லச் சரிவு. கண் சின்னனாச்சு. பெனிலை விட்டிட்டு முன்னால போய்ச் சாக்குப் போட்ட ஆளின்ர காலடியில குந்தினாள். வலது முன்னங்காலைத் தூக்கி முழங்காலில வைச்சாள்.

எழுதினதை எழுதினபடி வாசிக்கிறன் டொக்டர். சாக்குக்குக் கீழயிருந்து ஒரு கை வந்தது. ரெண்டு விரலில வெள்ளைக் கட்டு. பெருவிரல் ரெண்டாம் விரலுக்கும் மூண்டாம் விரலுக்கும் நடுவால போய் ஒருக்கா அமத்தினது.

தண்ணி குடியுங்கோ. நான் ஊத்தித் தரட்டா?

கை தன்ர பாட்டில வந்தது எண்டு எனக்குத் தெரியும். அடுப்படியில பால் பொங்கினால் என்ர கை போற மாதிரி. அவங்கள் ஆளை மறைக்கச் சாக்குத் தந்தவங்கள், கையை மறைக்க ஒண்டும் தரேல்லை. சாக்கும் உங்களுக்கு அளவில்லை. தோள்மூட்டில இறுகி நிண்டது.

நான் தூரத்தில. எனக்கு அந்த நேரம் விளங்கேல்லை, கண்டதை மட்டும் கண்டன். கிட்ட நிண்டது பெனில். அவன் கையைப் பாத்தான். பிறகு சாக்கைப் பாத்தான். அவன்ர வாய் திறந்தது. உதடு குவிஞ்சது, டொ எண்டு. மிச்சம் வரேல்லை. அதுக்குப் பிறகுதான் தலை ஆடினது.

முதல் இல்லை. பிறகு. அதைச் சிவப்பு மையில எழுதியிருக்கிறன், பாருங்கோ.

சனம் உங்களைத் தலையாட்டி எண்டு சொல்லும். அண்டைக்கு அந்தக் கிறவுண்டில ரெண்டு பேர் ஆட்டினீங்கள். இவள் வாலை, நீங்கள் தலையை.

அண்டைக்குப் பின்னேரம் நான் இவளைத் தும்புத்தடியால அடிச்சனான். என்ர வாழ்க்கையில முதல் தரம். பிள்ளையை ஏத்துறாங்கள், இந்தச் சனியன் துரோகிக்கு வாலாட்டுது எண்டு. இவள் அழக்கூட இல்லை. செருப்புக்கு மேல போய்ப் படுத்தாள். அடிச்ச கை நோகேக்கதான் யோசிச்சன், ஆருக்கு இவள் கால் குடுப்பாள் எண்டு. உடன கொப்பியை எடுத்து எழுதினனான். எழுதி முடியத்தான் கதிரையில இருந்திட்டன்.

கிளினிக் அந்தக் கிழமை நாலு நாள் பூட்டு. டொக்டர் லீவு எண்டு உங்கட மனுசியின்ர எழுத்தில கதவில கிடந்தது. செவ்வாய்க்கிழமை திறந்தீங்கள், ரெண்டு விரலில கட்டு. நாய் கடிச்சது எண்டீங்கள். பன்ரெண்டு வருசமா ஒரு நாயும் கடிக்காத மனுசனை. நான் கோழி சூப் வைச்சுக் குடுத்தனுப்பினனான், ஞாபகமோ? சும்மா இல்லை. சூப் கோப்பையைத் திருப்பித் தரேக்க விரலைப் பாக்கவேணும் எண்டு. ரெண்டு நகமும் இல்லை.

ஒருநாள் கண்டதை வைச்சு முடிவெடுக்கக் கூடாது, ஒண்டை மட்டும் மாத்தி மாத்திப் பாக்கவேணும், அப்பதான் வருத்தத்தின்ர பேர் வரும் எண்டு சொல்லுவீங்களே. நான் மாத்தினன். இதே சாக்கை ஹியூபேட்டின்ர தலையில போட்டன். மனுசன் ஒரு கேள்வியும் கேக்கேல்லை, இப்ப அவர் ஒண்டும் கேக்கிறதில்லை. சூட்டி கட்டிலுக்குக் கீழ ஓடினாள். மீன்காரனுக்குப் போட்டன். குலைச்சுக்கொண்டு அவன்ர சாரத்தைக் கிழிச்சாள். கிருலப்பனையில மற்ற டொக்டரிட்டக் கொண்டு போனன், அதே டெற்றோல் மணம், அதே மாரி பிஸ்கட். கால் தூக்கேல்லை. பிறகு ஒவ்வொரு கிழமையும் இங்க. ஒவ்வொரு கிழமையும் தூக்கினாள். உங்கட நேரத்தை நான் தின்னேல்லை டொக்டர், என்ர கொலத்தை நிரப்பினனான். நீங்களும் மூண்டாம் கிழமையிலயிருந்து பெருவிரலை மடிச்சு வைச்சுக்கொண்டுதான் இவளைத் தொடுறீங்கள். அதையும் எழுதியிருக்கிறன்.

இண்டைக்கு ஏன் எண்ட கொலத்தையும் கீறிக்கொண்டு வந்திட்டன். அது உங்கட வேலை. நிரப்புங்கோ.

வேண்டாம், அடிச்சவங்கள் எண்டு சொல்ல வேண்டாம். நகம் பிடுங்கினதை நானே கண்டன். அதுக்காக மாஸ்ரரின்ர மருமகனுக்கு ஆட்டினீங்கள் எண்டால், அங்கம்மாவின்ர தம்பிக்கு ஆட்டினீங்கள் எண்டால், நோவில கடிச்சது எண்டு நானும் எழுதியிருப்பன். பெனிலுக்கு அப்பிடியில்லை. நாப்பது பேரில ஒருத்தனாக் கடந்து போயிருப்பான். அவன் உங்களைக் கண்டுபிடிச்சான், அதுக்குத்தான் ஆட்டினீங்கள். அதுக்கு உங்களிட்டக் குளிசை இல்லை.

உங்களை என்ன செய்யிறது எண்டு நான் ஒரு மாசம் யோசிச்சனான். பொய் சொல்லேல்லை. போன கிழமை நீங்கள் குனிஞ்சு இவளின்ர காலைப் பாக்கேக்க, அந்தத் தட்டில கிடக்கிற கத்தரிக்கோலையும் உங்கட பிடரியையும் மாறி மாறிப் பாத்துக்கொண்டு நிண்டனான். உங்கட பேரைக் கொண்டுபோய்ச் சொல்லக்கூடிய இடமும் எனக்குத் தெரியும். எந்த ஆக்கள் எண்டு உங்களுக்கு விளங்கும். அவை கொப்பி பாக்க மாட்டினம், கொலம் எல்லாம் கேக்க மாட்டினம். அடுத்த நாள் விடிய லைற் போஸ்ற்றடியில உங்கட பிணத்தைப் பாக்கச் சனம் கூடியிருக்கும்.

ஏன் சொல்லேல்லை? இரக்கமா? எனக்கா? செத்த ஆள் தலையாட்டாது டொக்டர், அதுதான்.

வெளியில இருக்கிற ஆக்களை நான்தான் வரச் சொன்னனான். மாஸ்ரரின்ர கிளிக்கும் ஒண்டுமில்லை, அங்கம்மாவின்ர கோழிக்கும் ஒண்டுமில்லை. என்னத்துக்கு எண்டு இன்னும் சொல்லேல்லை. இண்டைக்குக் காலமை ஒன்பது மணிக்கு வாங்கோ, எதையாவது தூக்கிக்கொண்டு வாங்கோ, நான் உள்ளுக்க போய் வந்து ஒரு கதை வாசிச்சுக் காட்டுறன் எண்டு மட்டும் சொன்னனான். கொன்வென்ர்க் குரல் டொக்டர், பலகைக் கதவு வேற. இவ்வளவு நேரமும் மெல்லத்தான் கதைச்சனான், குரலை எழுப்பினால் கடைசி வாங்கு வரைக்கும் கேக்கும். அங்கம்மா கோழிக்கூடையின்ர அடியில என்ன வைச்சிருக்கிறாள் எண்டு எனக்குத் தெரியாது. றெயில் பாதையில கல்லுக்குக் குறைவில்லை.

யன்னலைப் பாக்காதேங்கோ, கம்பி போட்டிருக்கு. உங்கட யோசனைதான் அதுவும், பூனையள் பாயாமல் இருக்க.

எனக்கு ஒண்டு தெரியவேணும். நாலு நாள் அவங்கள் உங்களை வைச்சிருந்த இடம் உங்களுக்குத் தெரியும். அண்டைக்கு ட்ரக் போனதும் அங்கதான் எண்டு நினைக்கிறன், ஏனெண்டால் உங்களையும் அதிலதானே ஏத்தினவங்கள், சாக்கோட, முன் சீற்றில. பின்னால என்ர பிள்ளை இருந்தான். நீங்கள் திங்கக்கிழமை வீட்ட வந்தீங்கள். சனியும் ஞாயிறும் ஒரே கூரைக்குக் கீழ. அவன்ர சத்தம் உங்களுக்குத் தெரியும், மூண்டு கிழமை இந்த மேசையடியில நிண்டு கதைச்சவன். கேட்டிருப்பீங்கள்.

வாயால சொல்லப் பயமெண்டால் சொல்ல வேண்டாம். எழுதவும் வேண்டாம். உங்களுக்குப் பழகின மாதிரியே செய்வம். இந்தாங்கோ சாக்கு, வேணுமெண்டால் போட்டுக்கொள்ளுங்கோ, முகம் தெரியாமல் இருந்தால் சுகமா இருக்கும். நான் முன்னால வந்து நிக்கிறன். பெனில் நிண்ட மாதிரி.

சூட்டி, சும்மா இரு. பாத்தீங்களே, இப்பவும் காலைத் தூக்குறாள். நான் இவ்வளவும் சொன்ன பிறகும். இவளுக்கு விளங்காது. வைச்சிருக்கட்டும், தட்டிவிடாதேங்கோ.

திங்கக்கிழமை நீங்கள் அங்கயிருந்து வெளிக்கிடேக்க என்ர பிள்ளைக்கு உயிர் இருந்ததோ?

தலையை ஆட்டுங்கோ டொக்டர். ஒருக்கா.